பழமை பேசலாம் வாங்க

வணக்கம்ங்க. போன மாசம் இந்தப் பகுதியோட பேரைப் பாத்துட்டு ரெண்டு மூணு பேரு கேட்டிருந்தாங்க, பழமைன்னா பழைய கதை மட்டும்தானான்னு. நம்ம கொங்குப் பக்கம் பழமை பேசறதுன்னா உக்காந்து பேசிட்டு இருக்கறது, "ஒறம்பரை (சொந்தக்காரங்க) வந்திருந்தாங்க, சித்த நேரம் பழமை பேசிட்டு இருந்தோம்"னு சொல்லுவோமில்ல, அது. வெளியூர்க்காரங்களுக்கு அந்த வார்த்தை பழசக் குறிக்கும், நமக்குப் பேச்சக் குறிக்கும், எனக்கு ரெண்டுமே வேணும்னுதான் இந்தப் பேர வெச்சேன். சரி, கேள்விக்குப் போயிறலாம்.

பெருந்துறை வாசகர்: அக்கா, நீங்க கவிதை எழுதறவங்க. ஞாயித்துக்கிழமை ஆனா நடுகல்லு, கல்வெட்டு, இடிஞ்ச கோயிலுன்னு சுத்தறீங்க. அது ஆராய்ச்சிக்காரங்க வேலை இல்லீங்களா? கவிதைக்கு அதனால என்னங்க ஆகப்போகுது?

நெம்ப ஆகுதுங்க தம்பி. எனக்கு எப்படி ஆச்சுன்னு சொல்றேன். எங்க அய்யன் ஈரோட்டு மஞ்சள் மண்டில தரம் பாக்கற வேலைல இருந்தவரு. ஒரு விரலி மஞ்சள எடுத்து காதுகிட்ட வெச்சு ஒடிப்பாரு, டொக்குனு வர்ற அந்தச் சத்தத்துலயே நல்லா காஞ்சதா இல்லையான்னு சொல்லிருவாரு, உள்ள நெறம் பாக்கறது அப்பறம்தான். அவருக்கும் கவிதைக்கும் ஒரு ஒட்டும் இல்லைன்னு நெனச்சுக்கிட்டேதான் நான் படிச்சு, தமிழ் டீச்சராகி, ரெண்டு தொகுப்பும் போட்டேன். அதுல இருந்த வார்த்தை எல்லாம் மத்தவங்க கவிதைல படிச்சு எடுத்துக்கிட்டது, ஒண்ணு கூட எங்க ஊட்டுத் திண்ணைல கேட்டது இல்ல.

அப்பறம் 34 வயசுல, பள்ளிக்கூடத்துப் பசங்களக் கூட்டிக்கிட்டு அறச்சலூர் நாகமலைக்குப் போனேன். அங்க பாறைல தமிழிங்கற பழங்காலத்துத் தமிழ் எழுத்துல ஒரு இசைக் கல்வெட்டு இருக்கு, 1,600 வருஷத்துக்கும் மேல பழசு. அத வெளி உலகத்துக்குக் கொண்டு வந்ததுல கல்வெட்டு ஆராய்ச்சியாளர் புலவர் செ. இராசு அவங்களுக்குப் பெரிய பங்கு. த தை தா தை தன்னு வரிக்கு அஞ்சு எழுத்தா அஞ்சு வரி, இடமிருந்து படிச்சாலும் வலமிருந்து படிச்சாலும் மேல இருந்து கீழ படிச்சாலும் ஒரே மாதிரி வரும். பசங்க அத சத்தமாப் படிச்சுக்கிட்டே ஆட ஆரம்பிச்சுட்டாங்க, யாரும் சொல்லித் தரல. பக்கத்துலயே அத அமைச்சவன் பேரு இருக்கு, "எழுத்தும் புணருத்தான் மணிய வண்ணக்கன் தேவன் சாத்தன்"னு. வண்ணக்கன்னா யாருன்னு தெரியுங்களா, காசையும் மணியையும் தரம் பாக்கறவன். எங்க அய்யன் மஞ்சளுக்குப் பாத்தத அந்த சாத்தன் கல்லுக்குப் பாத்திருக்கான், பாத்துக்கிட்டே தாளத்தையும் கோத்து வெச்சிருக்கான்.

அங்கிருந்து நொய்யக்கரைல கொடுமணல் ஒண்ணும் தூரமில்லை. 1985-ல இருந்து தமிழ்ப் பல்கலைக்கழகத்துக்காரங்க அங்க தோண்டினப்ப பாதி வேலை முடிஞ்ச மணி, தொளை போடாத மணி, இரும்பு உருக்கின அடுப்பு, கண்ணன் ஆதன்னு பேரு கீறின பானை ஓடு, எல்லாம் வந்துச்சு. படியூர்ப் பக்கத்துப் பச்சைக்கல்லு அங்க வந்துதான் மணி ஆயிருக்கு. பதிற்றுப்பத்துல அரிசில்கிழார் "கொடுமணம் பட்ட வினைமாண் அருங்கலம்"னு பாடறாரே, அந்தக் கொடுமணம் இந்தக் கொடுமணல்தான்னு சொல்றாங்க, அந்த வரிய நான் பரிட்சைக்கு மனப்பாடம் பண்ணினவ, ஆனா வினைன்னா அந்த மண்ணுல கெடந்த தொளைப்போடாத மணின்னு அன்னைக்குத்தான் தெரிஞ்சுது. அன்னிக்கு ராத்திரி ஊட்டுக்கு வந்து அய்யன் வெரலப் பாத்தேன், எத்தன சோப்பு போட்டாலும் போகாத மஞ்சக் கறை. அதத்தான் எழுதினேன். நான் எழுதினதுல என்னோடதுன்னு சொல்லிக்கக்கூடிய மொதக் கவிதை அதுதாங்க. கல்வெட்டு தேடிப் போயி எங்க அய்யனக் கண்டுபிடிச்சுட்டு வந்தேன், அதனாலதான் இன்னும் போயிட்டு இருக்கேன்.

அந்தியூர் வாசகி: கொங்குத் தமிழ்ல கவிதை எழுதினா மதுரைக்காரங்க, நெல்லைக்காரங்களுக்குப் புரியுமாக்கா?

புரியும் அம்மணி. கரிசக்காட்டுத் தமிழ நாம படிச்சுப் புரிஞ்சுக்கிட்டோமில்ல. இங்க ஆர். சண்முகசுந்தரம் 1942-லயே நாகம்மாள் நாவலக் கொங்குப் பேச்சுல எழுதிட்டாரு. அட்டாலி (பரண்), தொண்டுப்பட்டி (மாட்டுப்பட்டி), கொறங்காடு (மேய்ச்சல் காடு), நோம்பி (பண்டிகை), அமுச்சி (அம்மாவப் பெத்த பாட்டி), இதுக்கெல்லாம் வேற வார்த்தை போட்டா அந்தப் பொருளே மாறிப்போகும். ஆனா ஒண்ணு, வரிக்கு ஒரு வட்டாரச் சொல்லு இருக்கணும்னு தூவாத. உங்க ஊட்டுல அந்த எடத்துல என்ன சொல்லுவாங்களோ அதப் போடு, போதும்.

மொடக்குறிச்சி பக்கத்து காலேஜ் மாணவி: தூரன் எங்க ஊர்ப் பக்கத்துக்காரர்னு சொல்றாங்க மேம். கச்சேரில அவர் பாட்டக் கேட்டிருக்கேன். அவரு கவிஞரா, கீர்த்தனை எழுதினவரா, கலைக்களஞ்சியக்காரரா? அவர எதுக்காக ஞாபகம் வெச்சுக்கணும்?

கண்ணு, இந்தக் கேள்விக்கு இந்த மாசம் முழுப் பக்கமும் குடுத்திருப்பேன், எடம் இல்லை. ம. ப. பெரியசாமித் தூரன் 1908-ல மஞ்சக்காட்டுவலசுல பொறந்தவரு, உன் ஊருக்குப் பக்கம்தான், ஒரு நாளு போயிட்டு வா. மெட்ராஸ்ல படிக்கறப்பவே பித்தன்னு ஒரு பத்திரிகை நடத்தினாரு. பகத்சிங்கைத் தூக்குல போட்ட வருஷம் பி.ஏ. பரிட்சை எழுதாம வந்துட்டாரு. அப்பறம் வாத்தியாரா இருந்தாரு, பெரியநாயக்கன்பாளையம் ராமகிருஷ்ண வித்யாலயத்துல பல வருஷம். கவிதை, கதை, நாடகம், குழந்தைப் பாட்டு எல்லாம் எழுதினாரு. கச்சேரில நீ கேட்ட "முருகா முருகா என்றால்", "தாயே திரிபுரசுந்தரி", "புண்ணியம் ஒரு கோடி" எல்லாம் அவரு எழுதினதுதான். ஊர்ல காவடிக்கு "அழகு தெய்வமாக வந்து" பாடறாங்களே, பாடறவங்கள்ல பாதிப்பேருக்கு அது தூரன் பாட்டுன்னு தெரியாது, ஏதோ பழங்காலத்துப் பாட்டுன்னு நெனச்சுத்தான் பாடறாங்க. ஒரு கவிஞனுக்கு அதவிட என்ன வேணும் சொல்லு.

ஆனா நான் அவர ஞாபகம் வெச்சிருக்கறது அதுக்காக மட்டும் இல்ல. பாரதி 1921-ல போயிட்டாரு, அவரு எழுதினதுல ஒரு பங்கு சுதேசமித்திரன் பழைய இதழுக்குள்ளயே கெடந்துச்சு. தூரன் அதயெல்லாம் தேடி எடுத்து, தேதி வாரியாத் தொகுத்து, பாரதி தமிழ்னு புத்தகமாக் கொண்டு வந்தாரு. தன் கவிதைய எழுத வேண்டிய வயசுல இன்னொரு கவிஞன் எழுத்த தூசி தட்டிக்கிட்டு உக்காந்திருந்தாருன்னு நெனச்சுப் பாரு. அப்பறம் காட்டுலயும் மேட்டுலயும் பொம்பளைங்க பாடின பாட்டயெல்லாம் சேத்து காற்றில் வந்த கவிதைன்னு போட்டாரு. நாட்டுப்புறப் பாட்டுக்கெல்லாம் யூனிவர்சிட்டில டிபார்ட்மெண்ட் வராத காலம் அது. நாத்து நடறவ வாயில இருந்து வர்றதும் கவிதைன்னு அந்தத் தலைப்புலயே சொல்லிட்டாரு. எனக்கு அவரோட எல்லா வேலைலயும் அதுதான் ஒசத்தி, நெறையப் பேரு ஒத்துக்க மாட்டாங்க, பரவால்ல.

கலைக்களஞ்சியம்கறது, தமிழ் வளர்ச்சிக் கழகத்துக்காக அவரு முதன்மை ஆசிரியரா இருந்து கொண்டு வந்தது, 1954-ல மொத தொகுதி, 1968-ல பத்தாவது. அது முடிஞ்ச கையோட குழந்தைகள் கலைக்களஞ்சியம் இன்னொரு பத்து, 1976 வரைக்கும். எத்தன விஞ்ஞானி, எத்தன டாக்டர், எத்தன இஞ்சினியரத் தமிழ்ல எழுத வெச்சிருப்பாரு, ஒவ்வொருத்தருக்கும் கலைச்சொல்லு கண்டுபிடிச்சுக் குடுத்து, வந்தத திருத்தி, மறுக்கா அனுப்பி, கம்ப்யூட்டரும் இல்ல ஒண்ணும் இல்ல. 1968-ல பத்மபூஷண் வந்துச்சு. 1987-ல காலமானாரு. களஞ்சியம் அவரோட கவிதைய முழுங்கிருச்சுன்னு வருத்தப்படறவங்க உண்டு, எனக்கும் ஒரு காலத்துல அந்த வருத்தம் இருந்துச்சு. இப்ப இல்ல. பூவுக்கும் பூச்சிக்கும் கிரகத்துக்கும் தமிழ்ல பேரு தேடின மனுசன் அத்தன வருஷமும் வார்த்தையோடதான இருந்திருக்காரு. 2022-ல இருந்து தமிழ் விக்கிக்காரங்க அவர் பேர்ல நாட்டாரியல், பண்பாட்டு ஆய்வு செய்யறவங்களுக்கு விருது குடுக்கறாங்க. உங்க காலேஜ் லைப்ரரில களஞ்சியத் தொகுதி இருக்கான்னு பாரு கண்ணு, இருந்தா ஏதாவது ஒரு பக்கத்தத் தொறந்து நின்னுக்கிட்டே படிச்சுப் பாரு.

திருப்பூர் வாசகர்: பனியன் கம்பெனில டெய்லரா இருக்கேனுங்க, வயசு 26. கவிதை 60 எழுதி வெச்சிருக்கேன். ஒரு பதிப்பகத்துல 45 ஆயிரம் கட்டினா 300 காப்பி போட்டுத் தர்றோம்னு சொல்றாங்க. வட்டிக்கு வாங்கிக் கட்டலாமாங்க?

கட்டாதீங்க தம்பி. இத நான் அனுபவிச்சு சொல்றேன். என்னோட ரெண்டாவது தொகுப்புக்கு நகைய அடகு வெச்சு ஒரு எடத்துல பணம் கட்டினேன், 500 காப்பின்னு பேச்சு, கைக்கு வந்தது 120, மிச்சம் கடைக்குப் போயிருச்சுன்னாங்க, எந்தக் கடைன்னு இன்னைக்கு வரைக்கும் தெரியாது. நகைய மீட்ட அன்னிக்கு எங்கூட்டுக்காரரு ஒரு வார்த்தை சொல்லல, அதுதான் எனக்கு இன்னும் மனசுல நிக்குது.

இப்ப 50 காப்பி கூட டிஜிட்டல் பிரிண்ட்ல போட்டுக்கலாம், நல்லா போயிட்டா மறுக்கா போட்டுக்கலாம். அதுக்கு முன்னாடி அந்த 60-ஐ பத்துப் பேரு முன்னாடி வாய்விட்டுப் படிங்க, எங்க நாக்கு தடுக்குதோ, எங்க கேக்கறவங்க கண்ணு வெளிய போகுதோ அங்க பென்சில்ல ஒரு கோடு. 60-ல 25 நிக்கும், அது போதும். 1971-ல கோயமுத்தூர்ல வானம்பாடிக் கவிஞருங்க, புவியரசு, சிற்பி, ஞானி, இவங்கெல்லாம் சேந்து வானம்பாடி பத்திரிகைய ஆரம்பிச்சப்ப விலையிலாக் கவிமடல்னுதான் கொண்டு வந்தாங்க, காசுக்கு விக்கல. அதுல இருந்த கவிஞர் சக்திக்கனல்தான் அதே வருஷம் நம்ம அண்ணன்மார் சாமி கதைய புத்தகமாக் கொண்டு வந்தாரு, புதுக்கவிதையும் உடுக்கடிப்பாட்டும் ஒரே மனுசன் மேசைல. நீங்களும் உங்க லைன்ல இருக்கற நாலு பேரச் சேத்துக்கிட்டு ஒரு ஏ4 ஷீட்டுல ஆளுக்கு ஒரு கவிதை போட்டு ஷிப்ட் முடியறப்ப குடுங்க. உங்க கவிதைல ஓவர்லாக் மிஷின் சத்தம் வந்திருக்கான்னு பாக்கணும், ஆசிரியர் குழு மூலமா அனுப்பி வைங்க, கண்டிப்பாப் படிச்சு பதில் எழுதறேன். மேல சொன்னேனே தேவன் சாத்தன், அவனும் வேலைக்குப் போன ஆளுதான்.

வெள்ளகோயில் வாசகர்: எங்க தொட்டிக்கட்டு ஊட்ட இடிக்கப் போறோமுங்க. அட்டாலில ஒரு கட்டு ஓலைச்சுவடி கெடந்துச்சு. ஜாதகமா பாட்டான்னு தெரியல. கோயில்ல குடுத்தறலாமா, ஆத்துல விட்றலாமாங்க?

அய்யோ, ஆத்துல விட்றாதீங்க சாமி. ஆடிப்பெருக்கன்னிக்கு புண்ணியம்னு நெனச்சு ஆத்துல விட்டது, நெருப்புல போட்டது, அப்படிப் போன சுவடி எத்தனையோ. விசயமங்கலத்துக் கொங்குவேளிர் எழுதின பெருங்கதைய உ.வே.சா. 1924-ல பதிப்பிச்சப்ப மொதலும் இல்ல, கடைசியும் இல்ல, நடுவுல கெடச்சதத்தான் போட முடிஞ்சுது. நம்ம நாட்டுப் பெரிய காப்பியத்துக்குத் தலையும் காலும் எங்க போச்சோ, ஒரு அட்டாலில கூடக் கெடந்திருக்கலாம்னு எனக்கு எப்பவும் ஒரு எண்ணம்.

கட்ட அவுக்காதீங்க, அவுத்தா வரிசை மாறிரும். ஈரத்துணில தொடைக்க வேண்டாம், லேமினேஷன் பண்ணவே கூடாது, வெயில்ல வைக்காதீங்க. மெத்துனு பிரஷ் வெச்சு தூசிய மட்டும் தட்டி, பருத்தித் துணில சுத்தி, கூட வசம்பு ஒரு துண்டு போட்டு வைங்க. ஓலை ஒடியற பதத்துல இருந்தா புல்தைலம் பூசுவாங்க, ஆனா அத தெரிஞ்சவங்க செய்யட்டும், நீங்க கை வைக்க வேண்டாம். தஞ்சாவூர் தமிழ்ப் பல்கலைக்கழகத்துல ஓலைச்சுவடித் துறை இருக்கு, சென்னைல அரசு கீழ்த்திசைச் சுவடி நூலகம் இருக்கு, ரெண்டுல ஒண்ணுக்கு லெட்டர் போடுங்க. ஜாதகமா இருந்தாலும் பரவால்ல, நெலக் கணக்கா இருந்தாலும் பரவால்ல, எங்க அப்பாரு காலத்துல என்ன வெள்ளாமை வெச்சாங்கன்னு அதுலதான் தெரியும். ஊட்ட இடிக்கறதுக்கு முன்னாடி அந்த ஆசாரக் கூடத்தயும் தூணயும் நாலு போட்டோ எடுத்து வெச்சுக்கங்க.

காங்கேயம் வாசகி: அடுத்த மாசம் எனக்குக் கல்யாணம்ங்க. மங்கல வாழ்த்து பாடறதுக்கு ஆள் கெடைக்கல, செல்போன்ல போட்டு மைக் வெச்சிறலாம்னு மாமா சொல்றாரு. சரிங்களா?

மொதல்ல நல்லா இரு தங்கம். மங்கல வாழ்த்து கம்பர் பாடிக் குடுத்ததுன்னு நம்ம பக்கத்து வழக்கு. அத நூத்துக்கணக்கான வருஷமா வாயிலயே வெச்சுக் காப்பாத்தினது நம்ம ஊர் நாவிதக் குடும்பத்துக்காரங்க. கல்யாணச் சீரெல்லாம் வரிசையா அதுலயே வந்துரும், ஒரு வரி விட்டா ஒரு சீர் விட்டுப்போகும். நான் ஒரு பெரியவருகிட்ட மூணு நாளு உக்காந்து எழுதி எடுத்தேன். தொண்ணூறுகள்ல கேசட்லயும் பதிவு பண்ணினேன், பத்து வருஷம் கழிச்சு எடுத்தா பூஞ்சை புடிச்சு, அவரு குரல் தண்ணிக்குள்ள இருந்து வர்ற மாதிரி ஆயிருச்சு, அதுக்குள்ள அவரும் போயிட்டாரு. என் அலட்சியம்தான், இன்னைக்கும் மனசு ஆறல. அந்தப் பெரியவரு எனக்கு முழுசும் சொல்லிக் குடுத்துட்டு கடைசில கேட்டது ஒண்ணுதான், "பாட்டு முடிஞ்சதுமு எல்லாரும் பந்திக்கு எந்திரிச்சுப் போயிடறாங்கம்மா, என்னைய ஒருத்தரும் சாப்பிட்டயான்னு கேக்கறதில்ல"ன்னு. அவரு பாடினத இலக்கியம்னு நாம மேடைல பேசறோம், பாடினவருக்கு ஒரு எலை போட மறந்துட்டோம்.

அதனால போன்ல போடறதுக்கு முன்னாடி இன்னும் ஒரு வாரம் தேடுங்க. தாராபுரம் பக்கம், பழனி ரோட்டுல இருக்கற ஊர்கள்ல விசாரிங்க, பெரியவங்க இருப்பாங்க. வந்தவர நாற்காலில உக்கார வைங்க, பாட்டுக்கு நாதஸ்வரத்துக்குக் குடுக்கற மாதிரி சம்பளம் பேசுங்க, மைக்கை அவருகிட்டக் குடுங்க, பாடி முடிக்கற வரைக்கும் போட்டோக்காரர சித்த நேரம் உக்காரச் சொல்லுங்க. பாட்ட முழுசா வீடியோ எடுத்து ரெண்டு மூணு எடத்துல சேமிச்சு வைங்க, அவரு ஊட்டுக்கும் ஒரு காப்பி. மொதப் பந்தில அவருக்கும் உன் பக்கத்துல எலை.

கோபிச்செட்டிபாளையம் வாசகர்: மாசா மாசம் இலக்கியக் கூட்டம் நடத்தறோமுங்க. 30 நாற்காலி போட்டா 5 பேரு வர்றாங்க. ஈரோட்டுல புத்தகத் திருவிழாவுக்கு அத்தன கூட்டம் வருது, இங்க மட்டும் ஏன்? நிறுத்திறலாம்னு இருக்கோம்.

ஈரோட்டுத் திருவிழாவும் 2005-ல ஆரம்பிச்சு வருஷா வருஷம் விடாம நடத்தினதுதானுங்க. நீங்க 30 நாற்காலி போடறதுதான் தப்பு. நாற்காலிய எடுத்துட்டு ஜமுக்காளம் விரிங்க, அஞ்சு பேரு வட்டமா உக்காந்தா அது நெறஞ்ச கூட்டம். தலைமை உரை, வரவேற்புரை, பொன்னாடை எல்லாத்தயும் விட்டுட்டு ஒரு கவிதைய மட்டும் எடுத்து ஒரு மணி நேரம் பேசுங்க. எங்க கூட்டம் பதினோரு வருஷமா ஒரு தறிக்குடோன்ல நடக்குது, ஞாயித்துக்கிழமை தறி ஓடாது, நூல் வாசத்துல உக்காந்து படிப்போம், சராசரி ஏழு பேரு. அந்த ஏழு பேருல நாலு பேரு புத்தகம் போட்டுட்டாங்க, ஒரு அம்மா மளிகைக்கடை நடத்திக்கிட்டே 58 வயசுல எழுத ஆரம்பிச்சாங்க.

உங்களுக்குப் பக்கத்துலயே பெருந்தலையூர் இருக்கு, புறநானூத்துப் பெருந்தலைச் சாத்தனார் அந்த ஊர்க்காரர்தான்னு சொல்றாங்க. உங்க அடுத்த கூட்டத்துக்கு அவரோட 164-ம் பாட்ட எடுங்க. சமைக்கறதையே மறந்துபோன அடுப்புல காளான் பூத்துக் கெடக்கு, பால் வத்தின மாரச் சப்பிச் சப்பிப் பாத்துட்டு குழந்தை அம்மா மொகத்தப் பாக்குது, அம்மா என் மொகத்தப் பாத்தா, நான் உன்னைத் தேடி வந்தேன்னு குமணன்கிட்டச் சொல்றாரு. அதுக்கு அடுத்த 165-ல குமணன்கிட்ட நாடே இல்ல, தம்பி புடுங்கிக்கிட்டான், காட்டுல ஒளிஞ்சிருக்கான். குடுக்க ஒண்ணும் இல்லாம வாளை எடுத்து நீட்டறான், என் தலைய வெட்டிக் கொண்டுபோயி குடுத்தாப் பொருள் கெடைக்கும்னு. அந்த ரெண்டு பாட்டயும் நடுவுல வெச்சுட்டு, அவங்கவங்க ஊட்டு அடுப்பப் பத்திப் பேசச் சொல்லுங்க, பேச்சு நிக்காது.

நிறுத்தாதீங்க. வர்ற மாசம் ரெண்டாவது ஞாயித்துக்கிழமை நான் கோபிக்கு வர்றேன், தறிக்குடோன்ல இருந்து இன்னும் ரெண்டு பேரும் வர்றாங்க. பவானி ஜமுக்காளம் நான் எடுத்தாறேன், டீ மட்டும் உங்க பொறுப்பு.